கரப்பான் பூச்சியும் நம் அடுக்களையும்



போடிநாயக்கனூரில் வளர்ந்தவனுக்கு ஏலக்காயின் மணம் மூச்சோடு கலந்த ஒன்று. விடியற்காலையில் தோட்டத் தொழிலாளர்களை ஏற்றிக்கொண்டு ஜீப்புகள் போடிமெட்டு மலைப்பாதையில் ஏறும். மாலையில் இறங்கி வரும். மலையில் விளைந்து, அங்கேயே சூடேற்றிய அறைகளில் உலர்ந்த ஏலம் சாக்குகளில் ஊருக்கு வந்து, சலித்துத் தரம் பிரிக்கப்பெற்று, விற்பனைக்குப் போகும். இத்தனை மணம் நிறைந்த ஊரிலே, இரவில் எங்கள் அடுக்களை விளக்கை ஏற்றினால் காணும் காட்சி வேறு. அம்மிக்கடியிலும் தண்ணீர்ப் பானைக்குப் பின்னாலும் கரப்பான் பூச்சிகள் நாலாபுறமும் சிதறி ஓடும்.

எனக்கு அப்போது பத்து வயதிருக்கும். என் தந்தையார் மலையில் ஒரு தோட்டத்தில் கணக்கு எழுதி வந்தார். ஏலச்செடியைத் தாக்கும் இலைப்பேனுக்கும் தண்டு துளைப்பானுக்கும் தெளிக்கும் மருந்தில் மிச்சமிருந்ததை ஒரு சோடாப் புட்டியில் ஊற்றிக் கொண்டுவந்து, அடுக்களை முழுவதும் தெளித்தார். மறுநாள் காலையில் செத்த பூச்சிகளை முறத்தில் வாரிக் கொட்டினோம். வீட்டில் ஒரே மகிழ்ச்சி. அன்று மாலை, அந்தத் தரையில் தவழ்ந்து விளையாடிய என் தங்கைக்கு வாயிலிருந்து எச்சில் ஓயாமல் ஒழுகிற்று, வாந்தி எடுத்தாள், மூச்சு இரைத்தது. மருத்துவர் அவளுடைய சுருங்கிப்போன கண்மணிகளைப் பார்த்துவிட்டு, “வீட்டில் என்ன மருந்து அடித்தீர்கள்?” என்றுதான் முதலில் கேட்டார். நான்கு நாள் போராட்டத்துக்குப் பின் தங்கை பிழைத்தாள். இரண்டு மாதங்கள் கழிந்தன. கரப்பான்களும் திரும்பி வந்தன.

குழந்தையின் உயிருக்கு உலை வைத்த நஞ்சு கரப்பானின் குலத்தை மட்டும் ஏன் அழிக்கவில்லை? இந்தக் கேள்விக்கு விடை தேடியதே என்னை விலங்கியல் படிக்கச் செய்தது. அந்த விடையைத்தான் இன்று உங்களோடு பகிர்ந்துகொள்ள விரும்புகிறேன்.

கரப்பானை நாம் சாக்கடையின் பிள்ளை என்று கருதுகிறோம். உண்மையில் அது காட்டின் பிள்ளை. உலகில் ஏறத்தாழ 4,500 வகைக் கரப்பான்கள் உள்ளன. அவற்றுள் மனிதரோடு வாழ்பவை முப்பது வகை அளவே. ஏனையவை உதிர்ந்த சருகின் அடியிலும், மக்கும் மரத்திலும், பட்டை இடுக்கிலும் வாழ்ந்து, இலையை மண்ணாக்கும் பணிக்குத் துணை செய்கின்றன. ஏலத்தோட்டத்து நிழல்மரங்களின் கீழே சருகைக் கிளறிப் பாருங்கள். இருளும் ஈரமும் இடுக்கும் மக்கிய உணவும் ஓரிடத்தில் கூடியிருக்கும். அதுவே கரப்பானின் இயல்பான வீடு. நம் அடுக்களையில் அலமாரிக்குப் பின்னால் உள்ள இடமும் அதே போன்றதுதான். காட்டைவிட அங்கே அதற்குப் பகைவர் குறைவு, உணவு மிகுதி.

நம் வீடுகளில் பெரும்பாலும் காண்பவை இரண்டு. ஒன்று, செம்பழுப்பு நிறமுடைய பெரிய கரப்பான். இதற்கு அமெரிக்கக் கரப்பான் என்று பெயர். ஆனால் இதன் தாயகம் ஆப்பிரிக்கா. மற்றொன்று, அரை அங்குல நீளமே உள்ள சிறிய கரப்பான். இதனை ஜெர்மன் கரப்பான் என்பர். 1767ஆம் ஆண்டில் லின்னேயஸ் இதற்கு இப்பெயரை இட்டார். எனினும் இது ஜெர்மனிக்கு உரியதன்று. 2024ஆம் ஆண்டில் வெளியான மரபணு ஆராய்ச்சி, ஏறத்தாழ 2,100 ஆண்டுகளுக்கு முன் இந்தியா அல்லது மியன்மார்ப் பகுதியில், வெளியில் வாழ்ந்த ஆசியக் கரப்பானிலிருந்து இது பிரிந்தது என்று காட்டியது. அங்கிருந்து வணிகப் பொருள்களோடும் படைகளோடும் மேற்கே சென்று, பின்னர் ஐரோப்பியர் கப்பல்களில் உலகெங்கும் பரவிற்று. நம் பக்கத்திலிருந்து சரக்கு மூட்டைகளோடு வெளியூர் போனவற்றுள் இதுவும் ஒன்று!

இனி, அதன் பழக்கங்களைக் காண்போம். கரப்பான் ஒளிக்கு அஞ்சும். அதைவிட முக்கியமானது, தன் முதுகும் வயிறும் ஒருசேர எதையாவது தொட்டுக்கொண்டிருக்கும் இடுக்கையே அது விரும்பும். அகன்ற இடத்தில் அது அமைதியாக இராது. பகல் முழுவதும் இடுக்கில் ஒண்டியிருந்து இரவில் உணவு தேடும். அதன் கழிவில் உள்ள மணப்பொருள் மற்றக் கரப்பான்களையும் அதே இடத்துக்கு அழைக்கும். எனவே ஓர் இடுக்கில் ஒன்று தங்கினால் நாளடைவில் கூட்டமே தங்கும்.

செருப்பை ஓங்கினால் அது எப்படித் தப்புகிறது என்று வியந்திருப்பீர்கள். அதன் வால்முனையில் இரு சிறு உறுப்புகள் உள்ளன. அவற்றிலுள்ள நுண்ணிய மயிர்கள், நம் கை அசையும்போது எழும் காற்றை உணர்ந்து, நரம்பின் வழியே கால்களுக்குச் செய்தி அனுப்பிவிடும். பெரிய கரப்பான் ஒரு நொடியில் தன் உடல் நீளத்தைப் போல் ஐம்பது மடங்கு தொலைவு ஓடக்கூடியது. உணவின்றி ஒரு மாதம் வரை அது உயிர்வாழும். ஆனால் நீரின்றி ஒன்றிரண்டு வாரங்களுக்குமேல் தாங்காது. இந்தக் கடைசிச் செய்தியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் வீட்டில் அவை திரும்பி வந்ததன் காரணம் முட்டையில் இருக்கிறது. கரப்பான் முட்டைகளைத் தனித்தனியே இடுவதில்லை; அவரை விதை போன்ற கெட்டியான பையில் அடக்கி இடும். பெரிய கரப்பானின் பையில் பதினைந்து முட்டை அளவு இருக்கும். அந்தப் பையை மறைவான இடத்தில் ஒட்டிவிட்டு அது போய்விடும். சிறிய கரப்பானோ முப்பது நாற்பது முட்டைகள் கொண்ட பையைப் பொரியும் தறுவாய் வரை தன் உடலிலேயே சுமந்து திரியும். தெளிக்கும் மருந்து அந்தப் பையின் ஓட்டைக் கடந்து உள்ளே செல்வது அரிது. அன்று நாங்கள் முறத்தில் வாரியவை தாய்ப்பூச்சிகள். சாக்கு மடிப்பிலும் அட்டைப் பெட்டியிலும் ஒட்டியிருந்த பைகள் ஏறத்தாழ ஒன்றரை மாதத்தில் பொரிந்தன.

மற்றொன்றும் உண்டு. ஒரே நஞ்சை மீண்டும் மீண்டும் பயன்படுத்தினால், அதைத் தாங்கக்கூடிய சிலவே பிழைத்து இனம் பெருக்கும். அமெரிக்காவில் இனிப்புக் கலந்த நச்சுணவை வைத்துக் கரப்பான்களைக் கொன்று வந்தனர். சில ஆண்டுகளில், அதிலுள்ள குளுக்கோஸ் சர்க்கரையைத் தொடவே தொடாத கரப்பான்கள் தோன்றிவிட்டதை 1993ஆம் ஆண்டில் அறிவித்தனர். குளுக்கோஸ் அவற்றின் நாவுக்குக் கசக்கிறது என்பதை 2013ஆம் ஆண்டு ஆராய்ச்சி விளக்கிற்று. நஞ்சு ஒன்றையே நம்புகிறவன் தோற்கிறான் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமோ?

அப்படியானால் என்ன செய்வது? கரப்பானைப் பொறுத்துக்கொள்ளுங்கள் என்று நான் சொல்லமாட்டேன். அது சாக்கடையில் நடந்த கால்களோடு நம் உணவில் நடந்து நோய்க்கிருமிகளைச் சேர்க்கிறது. அதன் கழிவும் உரித்த தோலும் தூசியோடு கலந்து, குழந்தைகளுக்கு ஆஸ்துமாவைத் தூண்டுகின்றன. எனவே அதை அகற்றத்தான் வேண்டும். முறையறிந்து அகற்ற வேண்டும்.

கல்லூரியில் படித்த நாளில், விடுமுறைக்கு வந்தபோது ஒரு சோதனை செய்தேன். நீங்களும் செய்யலாம். வாயகன்ற நான்கு கண்ணாடிப் புட்டிகளின் உள்விளிம்பில் வாசலின் தடவி, உள்ளே ஒரு ரொட்டித் துண்டு இட்டு, பூச்சி ஏறுவதற்கு வசதியாக வெளியே காகிதம் சுற்றி, அடுக்களையின் நான்கு இடங்களில் வைத்தேன். உள்ளே விழுந்தவை வழுக்கி ஏறமுடியாமல் கிடந்தன. காலையில் எண்ணினேன். அடுப்புப் பக்கத்தில் இரண்டு, அலமாரியில் மூன்று, கசியும் குழாயருகே பத்தொன்பது, பழைய சாக்குகள் அடுக்கிய மூலையில் பதினாறு. பகைவன் எங்கே இருக்கிறான் என்பதை ஒரே இரவில் அறிந்துகொண்டேன்.

குழாயைப் பழுது பார்த்தோம். இரவில் தொட்டியைத் துடைத்து உலர வைத்தோம். சாக்குகளை வெளியேற்றி, வெயிலில் உதறி, முட்டைப் பைகளைப் பொறுக்கி நசுக்கினோம். சுவர் வெடிப்புகளைச் சிமெண்டால் அடைத்தோம். சாக்கடை வாயில் கம்பி வலை பொருத்தினோம். எச்சில் பாத்திரங்களை இரவில் விட்டுவைப்பதில்லை என்று என் தாயார் உறுதி கொண்டார். அதன் பின்னரே, போரிக் அமிலப் பொடியைக் கோதுமை மாவும் சர்க்கரையும் சேர்த்து உருட்டி, குழந்தைகளின் கையும் பூனையின் வாயும் எட்டாத இடுக்குகளில் வைத்தோம். அதன் அருகே வேறு மருந்து எதையும் தெளிக்கவில்லை. தெளித்தால் பூச்சிகள் உருண்டையை நெருங்கா. இரண்டு மாதம் கழித்து மீண்டும் புட்டிகளை வைத்தேன். நான்கிலும் சேர்த்து மூன்றே பூச்சிகள்.

நண்பர்களே, வயலுக்கும் தோட்டத்துக்கும் உரிய நஞ்சை ஒருபோதும் வீட்டுக்குள் கொண்டுவராதீர்கள். குடிக்கும் புட்டியில் ஊற்றி வைக்காதீர்கள். உங்கள் வீட்டில் யாரேனும் அவ்வாறு செய்யக் கண்டால், வயதில் இளையவர் என்று தயங்காமல் தடுத்துச் சொல்லுங்கள். கரப்பானுக்கு வேண்டியவை நீரும் உணவும் இடுக்குமே. அம்மூன்றையும் மறுத்துவிட்டால் அது தானே குறையும்.

என் தங்கைக்கு இன்று பேரக்குழந்தைகள் இருக்கிறார்கள். அவளுடைய அடுக்களையில் மருந்துப் புட்டி கிடையாது. இரவு படுக்குமுன் தொட்டியைத் துடைக்கும் ஒரு துணி மட்டும் ஆணியில் தொங்குகிறது.