கணினிக்குள் ஒரு கண்டிச் சந்தி

கண்டியிலிருந்து கொழும்புக்குச் செல்லும் லொறி, கடுகண்ணாவையில் மண் சரிந்து பாதை அடைபட்டால் என்ன செய்யும்? கட்டுகஸ்தோட்டைப் பக்கம் திரும்பிக் குருநாகல் வழியாகச் சுற்றிப் போகும். இணையத்தில் செல்லும் செய்திகளுக்கும் இவ்வாறு வழி காட்டும் கருவியொன்று உண்டு. திசைவி என்பது அதன் தமிழ்ப் பெயர். மாணவர் வாயில் அது ரவுட்டர்தான்.

சிஸ்கோ நிறுவனத்தின் சி.சி.என்.ஏ. பரீட்சையை எழுத விரும்பும் இளைஞருக்கு ஏட்டறிவு மட்டும் போதாது. பாதையொன்று அறுந்ததும் ரவுட்டர்கள் தம்முட் பேசி மறுவழி தேர்வதைக் கண்ணாற் காணவேண்டும். அதற்கு மூன்று ரவுட்டர்களேனும் தேவை. மாதச் சம்பளத்தில் நடக்கும் குடும்பம் அவற்றுக்கு எங்கே போகும்?

2005இல் கிறிஸ்தோப் ஃபியோ என்னும் பிரெஞ்சுக்காரர் இதற்கு வழி கண்டார். அவர் ஆக்கிய டைனமிப்ஸ், சாதாரணக் கணினியை சிஸ்கோ ரவுட்டராக நடிக்க வைத்தது. நடிகன் கிடைத்தான், வசனம் வேண்டுமே! ரவுட்டரை இயக்கும் ஐ.ஓ.எஸ். மென்பொருளின் பிரதியே அவ்வசனம். அதனை 'இமேஜ்' என்பர்.

முதன்முறை இயக்குவோர் திகைப்பர். ரவுட்டர் சும்மா இருக்கும்போதும் அதுபோல் நடிக்கும் கணினி ஓயாது உழைக்கும். மடிக்கணினி தோசைக்கல்லாய்ச் சூடேறும். 'ஐடில் பி.சி.' என்னும் எண்ணைக் கணித்துக் கொடுத்த பின்னரே அது அடங்கும். சும்மா இருத்தல் இயந்திரத்துக்கும் அரிது போலும்!

ஆனால் அந்த இமேஜ் எங்கிருந்து வருகிறது? பெரும்பாலும் நண்பனின் பென்டிரைவிலிருந்துதான். அது சிஸ்கோவின் உடைமை. கணினி நிரல்களுக்கும் பாதுகாப்பளிக்கும் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் நம் நாட்டில் உண்டு. கைமாறி வந்த பிரதியில் யார் எதைப் புகுத்தினார் என்பதும் தெரியாது. பணமில்லை என்னும் மாணவனின் சமாதானத்தை நாம் ஏளனம் செய்யோம். எனினும் அது இன்று முன்போல் வலுவுடையதன்று. சிஸ்கோவே தன் மொடலிங் லேப்ஸில் ஐந்து கருவிகள் வரை இலவசமாக இயக்க இடமளித்துள்ளது. 2017இல் தோன்றிய எஃப்.ஆர்.ரவுட்டிங் யாவருக்கும் இலவசம்; அதன் கட்டளைகளும் சிஸ்கோவினுடையவற்றைப் பெரிதும் ஒத்தவை.

வீட்டிலே செய்து பாருங்கள். கண்டி, குருநாகல், கொழும்பு என மூன்று ரவுட்டர்களுக்குப் பெயரிட்டு, முக்கோணமாக இணைத்து, ஓ.எஸ்.பி.எஃப். முறையை இயக்குங்கள். கண்டிக்கும் கொழும்புக்கும் இடையே, இரு முனையும் உயிரோடிருக்கச் செய்தி மட்டும் தடைப்படுமாறு செய்யுங்கள். மண் சரிந்த சேதி கண்டிக்கு உடனே எட்டாது. பத்து விநாடிக்கொருமுறை வரவேண்டிய 'ஹலோ' வராமற்போகும். நாற்பது விநாடி கழிந்ததும் அயலானைக் கைவிட்டு, கண்டி ரவுட்டர் குருநாகல் வழியைப் பிடிக்கும்.