எந்த எலி என்று அறிவோம்

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு தைத் திங்களில், விடுமுறைக்குத் தாயகம் சென்றிருந்தபொழுது, நாராயணவனத்தில் உறவினர் வயலில் நெல் அறுவடை நடந்துகொண்டிருந்தது. நம்முடன் வந்திருந்த சிறுவன் கடல் கடந்த நாட்டிலே பிறந்து வளர்ந்தவன். வரப்பின்மீது ஓடி மறைந்த சிற்றுயிர் ஒன்றைக் கண்டு, "அது என்ன?" என்று கேட்டான். "எலி" என்றோம். அருகில் மண்வெட்டியுடன் நின்றிருந்த யானாதி முதியவர் நகைத்தார். "எலிதான் ஐயா, எந்த எலி?" என்றார். நமக்கு விடை தெரியவில்லை. அன்று மாலைவரை அவர் பின்னே வரப்பு வரப்பாக நடந்து கற்ற பாடத்தை நம் சங்கக் குடும்பங்களுக்கும் சொல்லவேண்டும் என்றே இக்கட்டுரையை எழுதுகிறோம். அப்பாடம் ஊரில் பயிரைக் காக்கும். நாம் குடியேறிய நாட்டிலோ உயிரையே காக்கக்கூடும்.

நாராயணவனத்தை அறியாதவர் நம்மிடையே சிலரே இருப்பர். ஆகாசராசன் தலைநகர் என்றும், பத்மாவதித் தாயார் திருமணம் நடந்த தலம் என்றும் புகழ்பெற்றது. கல்யாண வேங்கடேசர் அங்கே கோயில்கொண்டுள்ளார். புத்தூருக்கு அண்மையில், ஆரணியாற்றின் கரையில் உள்ள இவ்வூர், முன்பு சித்தூர் மாவட்டத்தில் இருந்து, 2022-ஆம் ஆண்டு முதல் திருப்பதி மாவட்டத்தைச் சேர்ந்ததாயிற்று. ஒருபுறம் நீர் பாயும் நெல்வயல். மறுபுறம் மணற்பாங்கான நிலக்கடலைக் கொல்லை. அப்பால் முட்புதரும் குன்றும். நிலம் மாறும்தோறும் எலியின் இனமும் மாறுகிறது. இதுவே முதியவர் சொன்ன முதற்பாடம்.

நெல்வயலின் வரப்பிலே வாழ்வன இரண்டு. ஒன்று வயற்சுண்டெலி. 10 கிராம் எடைதான் இருக்கும், உள்ளங்கையில் அடங்கிவிடும். முதுகு மண்ணிறம், வயிறு தூய வெண்மை. வளையின் வாய் மிகச் சிறியது. வெளியே கைப்பிடி மண்கூட இராது. மற்றொன்று வரப்பெலி, சிலர் கரம்பை எலி என்பர். பெருச்சாளியின் இளைய உறவு இது. தடித்த உடல், மழுங்கிய மூக்கு, உடலினும் குறுகிய வால், கருமை படர்ந்த உரோமம். தான் தோண்டிய புதுமண்ணை வாயிலருகே குவித்துவைத்து, உள்ளே சென்றபின் வாயிலை மண்ணால் அடைத்துக்கொள்ளும். ஆங்கிலத்தார் பெருச்சாளியைப் 'பாண்டிகூட்' என்பது நம் ஊர்த் தெலுங்கின் 'பந்திகொக்கு' என்னும் சொல்லிலிருந்து பிறந்ததே. பன்றியெலி என்பது அதன் பொருள்.

மணற்கொல்லையில் வாழ்வது வெள்ளெலி. மேனி செம்மணல் நிறம், வயிறு வெண்மை, கண்கள் பெரியன, உடலினும் நீண்ட வாலின் நுனியில் கருங்குஞ்சம் ஒன்று உண்டு. அஞ்சி ஓடுகையில் தாவித் தாவி ஓடும். அதன் வளைக்குப் பல வாயில்கள். அவற்றுட் சிலவற்றை மெல்லிய மண்திரையால் மூடி வைத்திருக்கும். பகைவர் ஒரு வாயிலில் வந்தால், மூடிய வாயிலை முட்டித் திறந்துகொண்டு தப்பிவிடும். வெடித்த நிலத்தின் பிளவுகளிலும் ஆழமற்ற வளைகளிலும் தங்குவது புல்லெலி. பட்டுப்போன்ற மென்மயிரே அதன் அடையாளம்.

இவை யாவும் பெரும்பாலும் இரவிலே உலவுவன. எலிகளின் முன்பற்கள் வாழ்நாள் முழுவதும் வளர்ந்துகொண்டே இருப்பதால், எதையேனும் கொறித்து அவற்றைத் தேய்த்துக்கொண்டே இருத்தல் அவற்றுக்கு இன்றியமையாதது. பசி இல்லாவிடினும் கொறிக்கும் காரணம் இதுவே. சூல்கொண்ட மூன்று வார அளவில் குட்டிகள் பிறந்துவிடும். ஓர் ஈற்றிலேயே பல பிறக்கும். ஆதலின் உணவும் மறைவிடமும் ஒருங்கே கிடைத்தால் சில திங்களில் வயல் முழுவதும் பெருகிவிடும். அகன்ற வரப்பில் பலவும் வளை தோண்டும்; வரப்பை ஒடுக்கிக் களையெடுத்து வைத்தாலே பாதித் தொல்லை குறையும் என்பது உழவர் கண்ட உண்மை.

வரப்பெலியின் பெருங்குற்றம் அதன் சேமிப்பு. நெற்கதிரை அறுத்துச் சென்று நிலத்தடி அறையிலே அடுக்கிவைக்கும். யானாதியரும் இருளரும் இதை நன்கறிவர். அடியில் துளையிட்ட பானையில் வைக்கோலை இட்டு எரித்து, பானையின் வாயை வளையோடு பொருத்தி, துளைவழியே ஊதிப் புகையை உட்செலுத்துவர். எலியைப் பிடிப்பதோடு, அது சேர்த்த நெல்லையும் தோண்டி எடுப்பர். அந்நெல் பல குடும்பங்களுக்குப் பசியாற்றியது. ஆனால் அப்புகை ஊதுவோர் நெஞ்சையும் கண்ணையும் எரித்தது என்பதை நாம் மறத்தலாகாது. நம் களஞ்சியத்தை நிறைத்ததில் அவர் மூச்சுக்கும் பங்குண்டு.

முதியவர் மற்றொன்றும் காட்டினார். வைக்கோற்போர் அருகே மூஞ்சூறு ஒன்று ஓடியது. நீண்டு கூர்த்த மூக்கு, மிகச் சிறிய கண், கடுமையான நாற்றம். "இது எலியே அன்று, இதை அடிப்பது தவறு" என்றார். உண்மைதான். மூஞ்சூறு கொறிக்கும் இனத்தைச் சேர்ந்ததன்று. கரப்பானையும் பூச்சியையும் தின்பது. எலி என்று எண்ணி நஞ்சு வைத்து இதனைக் கொல்வோர், தம் வீட்டுக் காவலனையே கொல்கின்றனர். நஞ்சுண்ட எலியைத் தின்னும் கூகையும் மாளும். அதன்பின் எலியைத் தடுப்பார் யார்?

இனி நம் குடியேற்ற நாட்டிற்கு வருவோம். வட அமெரிக்காவில் வாழும் நம் குடும்பங்கள், கார்கொட்டகையிலோ, நிலவறையிலோ, விடுமுறைக்குச் செல்லும் காட்டுக்குடிலிலோ, வெண்வயிற்றுச் சிற்றெலி ஒன்றைக் காண நேரலாம். மானைப்போன்ற மேனி நிறத்தால் அந்நாட்டார் அதற்கு இட்ட பெயர் மானெலி என்று பொருள்படும். காண்போர்க்கு நம் வயற்சுண்டெலியே கடல் கடந்து வந்ததோ என்று தோன்றும். அது தவறு, இரண்டும் வெவ்வேறு குடும்பத்தைச் சேர்ந்தவை. மானெலிக்குக் கண்ணும் காதும் பெரியன, பாதங்கள் வெண்மை. எல்லாவற்றினும் சிறந்த அடையாளம் வால்: மேற்புறம் கருமை, கீழ்ப்புறம் வெண்மை, இடையே கோடு கிழித்தாற்போன்ற எல்லை. நகர வீடுகளில் மலிந்த வீட்டுச் சுண்டெலிக்கோ உடல் முழுவதும் சாம்பல் கலந்த பழுப்பு. வாலும் ஒரே நிறம். மானெலி காடு, புல்வெளி, பண்ணைநிலங்களில் வாழ்வது, மரமும் ஏறும். விதைகளைச் சேர்த்து வைக்கும். அச்சம் கொண்டால் முன்கால்களால் தரையில் தாளமிடும். குளிர் நெருங்குகையில் வீட்டிற்குள் இடம் தேடும்.

இவ்வேறுபாட்டை அறிவதில் பொருள் யாது எனின், கேளுங்கள். 1993-ஆம் ஆண்டு அமெரிக்காவின் தென்மேற்கே, நான்கு மாநிலங்கள் கூடும் பகுதியில், நலமாயிருந்த இளைஞர்கள் திடீரென மூச்சுத்திணறி மாண்டனர். ஆராய்ந்தபொழுது, மானெலியின் சிறுநீரிலும் புழுக்கையிலும் எச்சிலிலும் உள்ள ஹாண்டா என்னும் வகை வைரஸ் காரணம் என்று தெரிந்தது. எலிக்கோ அதனால் நோய் இல்லை. முந்தைய பருவத்தில் மழை மிகுந்து, மரக்கொட்டைகள் மிகுதியாய் விளைந்து, எலிகள் பெருகியிருந்தன. மழை மிகுந்த ஆண்டில் எலி பெருகும், அது வீட்டில் புகலாகாது என்பதை அங்குள்ள நவஹோ பழங்குடிப் பெரியோர் முன்னரே அறிந்திருந்தனர். மண்ணோடு வாழ்வோர் அறிவு எந்நாட்டிலும் ஒன்றுபோலவே இருக்கிறது.

இந்நோய் அரிது, 1993 முதல் 2022 முடிய அமெரிக்காவில் பதிவானவர் 864 பேர். ஆயினும் மூச்சுறுப்பைத் தாக்கும்பொழுது ஏறத்தாழ பத்தில் நால்வர் உயிரிழக்கின்றனர். இங்கேதான் நம் இல்லத்தார் நல்வழக்கம் ஒன்று தீங்காய் முடியும். நாம் புழுக்கையைக் கண்டவுடன் துடைப்பத்தை எடுக்கிறோம். உலர்ந்த புழுக்கையைப் பெருக்கினால் தூசி எழும். அத்தூசியை மூச்சில் இழுப்பதே நோய்க்கு வழி. ஆதலின் துடைப்பமும் தூசி உறிஞ்சும் கருவியும் கூடா. முதலில் சன்னல் கதவுகளைத் திறந்து 30 நிமிடம் வெளியே இருங்கள். கையுறை அணிந்து, ஒரு பங்கு பிளீச்சிங் நீர்மத்தில் ஒன்பது பங்கு நீர் கலந்து நன்றாக நனைத்து, 5 நிமிடம் ஊறவிடுங்கள். பின்னர்க் காகிதத்தால் துடைத்து, பையில் கட்டி எறிந்துவிட்டு, கைகளைக் கழுவுங்கள். 6 மில்லிமீட்டர் துளை இருந்தாலே சுண்டெலி நுழையும். இரும்புக் கம்பிநார் கொண்டு அடைத்துவிடுங்கள். அதன்பின் ஒன்று முதல் எட்டு வாரத்திற்குள் காய்ச்சலும் தொடை, முதுகு வலியும் கண்டால், எலி புழங்கிய இடத்தைத் துப்புரவு செய்ததை மருத்துவரிடம் மறவாது கூறுங்கள்.

ஊருக்குச் செல்வோர்க்கும் ஒரு சொல். அங்கே அஞ்சவேண்டியது எலிக்காய்ச்சல். எலியின் சிறுநீர் கலந்த மழைநீர், கால்புண்வழியே அந்நோயைத் தரும். வெறுங்காலுடன் தேங்கிய நீரில் இறங்கும் குழந்தைகளைத் தடுங்கள்.

அன்று மாலை திரும்புகையில் சிறுவன் மூன்று வினாக்களை மனப்பாடம் செய்திருந்தான்: வயிறு என்ன நிறம்? வால் எப்படி? வளை எங்கே? முதியவர் கற்பித்த வினாக்கள் அவை. தெலுங்கும் தமிழும் கலந்த அவர் பேச்சில் பாதிதான் அவனுக்கு விளங்கியிருக்கும். ஆயினும் அவ்வினாக்களை அவன் விடவில்லை. இந்நாடு திரும்பிய பின்னர், முதற்குளிரில், கார்கொட்டகையில் ஏதோ ஓடக் கண்டு நாம் துடைப்பத்தைத் தேடினோம். "பொறுங்கள், எந்த எலி?" என்று அவன் நம்மைத் தடுத்தான். கைவிளக்கின் ஒளியில் இருநிற வால் தெரிந்தது. துடைப்பத்தை வைத்துவிட்டுக் கதவைத் திறந்தோம். நாராயணவனத்து வரப்பு நமக்கு அளித்த சீர் அது.