ஒன்றியப் பட்டியலிலிருந்து உச்ச நீதிமன்றம் வரை

நாற்பது ஆண்டுகளுக்கு முன் கோலியனூர் ஒன்றியத்தில் இடைநிலை ஆசிரியராகச் சேர்ந்தவருக்கு, தாம் எந்த ஆண்டு தலைமை ஆசிரியர் ஆவோம் என்பது ஏறக்குறையத் தெரிந்திருக்கும். முன்னுரிமைப் பட்டியல் ஒன்றியத்துக்குள்ளேயே முடிந்துவிடும். தமக்கு மேலே எத்தனை பேர், யார் எப்போது ஓய்வு பெறுகிறார், யார் பதவி உயர்வு வேண்டாம் என்று எழுதிக் கொடுப்பார், எல்லாம் உதவித் தொடக்கக் கல்வி அலுவலகத்து வாசலிலேயே பேசித் தெரிந்துகொள்ளலாம். தகராறு வந்தால் சேர்ந்த தேதியைப் பார்ப்பார்கள். அதிலும் தீராவிட்டால் சங்கம் தலையிடும். வக்கீல் வரை போனவர்கள் குறைவு.

அந்தக் காலத்தைப் பொற்காலம் என்று சொல்ல நான் தயாரில்லை. அதற்குச் சற்று முன், ஊராட்சி ஒன்றியப் பள்ளிகள் ஒன்றியத்தின் கையிலேயே இருந்தபோது, பெருந்தலைவரின் மனம் கோணினால் ஆசிரியருக்கு இடமாறுதல் வந்துவிடும். 1981 ஜூன் 1 முதல் அந்த ஆசிரியர்கள் அரசு ஊழியர்கள் ஆனபிறகுதான் அந்தப் பயம் போனது. ஆனால் முன்னுரிமைக்கு அலகு ஒன்றியமாகவே நீடித்தது. பக்கத்திலுள்ள கண்டமங்கலத்திலிருந்து கோலியனூருக்கு மாறுதல் வாங்கி வந்தால் போதும், பழைய சர்வீஸ் எவ்வளவு இருந்தாலும் பட்டியலின் அடியில்தான் பெயர். காலியிடம் அதிகமுள்ள ஒன்றியத்தில் இளையவர் தலைமை ஆசிரியர் ஆவார். அடுத்த ஒன்றியத்தில் மூத்தவர் காத்துக்கிடப்பார்.

இந்த ஏற்றத்தாழ்வைக் காரணம் காட்டித்தான் 2023 டிசம்பர் 21 அன்று அரசாணை 243 வந்தது. ஒன்றிய முன்னுரிமை போய், மாநில முன்னுரிமை வந்தது. தொடக்கப் பள்ளி ஆசிரியர் சங்கங்களின் டிட்டோஜாக் கூட்டமைப்பு அதை எதிர்த்துச் சென்னை வரை சென்று போராடியது. எதிர்ப்பிலும் நியாயம் உண்டு. தொடக்கப் பள்ளிகளில் பெண் ஆசிரியர்கள் ஏராளம். பதவி உயர்வில் இடம் ராமநாதபுரத்திலோ கிருஷ்ணகிரியிலோ கிடைத்தால், வீட்டையும் பிள்ளைகளையும் விட்டு எத்தனை பேர் போவார்கள்? உரிமை விடல் கடிதம் எழுதிக் கொடுத்துவிட்டு அதே வகுப்பில் இருந்துவிடுவார்கள்.

இதைவிடப் பெரிய சிக்கல் ஆசிரியர் தகுதித் தேர்வு (டெட்). கல்வி உரிமைச் சட்டத்தின்படி 2010 ஆகஸ்ட் 23 அன்று தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம் அறிவிக்கை வெளியிட்டது. தமிழ்நாடு 2011 நவம்பர் 15 அன்று அரசாணை 181 மூலம் அதை ஏற்றது. புதிதாகச் சேர்வோருக்கு டெட் கட்டாயம் என்பதில் குழப்பமில்லை. ஏற்கெனவே பணியில் இருப்பவர் பதவி உயர்வு பெற வேண்டுமானால்? ஒரு நிலையிலிருந்து அடுத்த நிலைக்கு உயர்த்தும்போதும் குறைந்தபட்சத் தகுதி பொருந்தும் என்று 2014 நவம்பரில் குழுமம் விதிமுறை வெளியிட்டது. அதன் பிறகும் டெட் தேர்ச்சியைக் கேட்காமலே பதவி உயர்வுகள் நடந்தன. டெட் முடித்த இளையவர் நீதிமன்றம் போனார். முடிக்காத மூத்தவரும் போனார்.

2023 ஜூன் 2 அன்று சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதிகள் ஆர். மகாதேவன், முகமது ஷபீக் அமர்வு தீர்ப்பளித்தது. 2011 ஜூலை 29க்கு முன் நியமனம் பெற்றவர்கள் டெட் இல்லாமல் பணியில் தொடரலாம், பதவி உயர்வுக்கு மட்டும் டெட் வேண்டும் என்றது. வழக்கு டெல்லிக்கு, உச்ச நீதிமன்றத்துக்குப் போயிற்று. 2025 செப்டம்பர் 1 அன்று நீதிபதிகள் தீபாங்கர் தத்தா, மன்மோகன் அமர்வு இன்னும் ஒரு படி மேலே சென்றது. ஓய்வுக்கு ஐந்தாண்டுக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு ஆண்டுக்குள் தேர்ச்சி பெற வேண்டும், இல்லாவிட்டால் வேலையே இல்லை. ஐந்தாண்டுக்குக் குறைவாக இருப்பவர்கள் தொடரலாம், பதவி உயர்வு கேட்க முடியாது. பதவி உயர்வுக்காகத் தொடங்கிய வழக்கு பணிப் பாதுகாப்பையே தொட்டுவிட்டது. தமிழ்நாடு அரசு மறு சீராய்வு மனு போட்டது. பணியில் இருப்போருக்கு 2026இல் சிறப்புத் தேர்வுகளையும் அறிவித்தது.

பாடம் நடத்துபவருக்குத் தகுதித் தேர்வு வேண்டும் என்ற நீதிமன்றத்தின் கவலை குழந்தைகளைப் பற்றியது. அதை நான் மதிக்கிறேன். என் கோபமெல்லாம் நிர்வாகத்தின் மேல்தான். ஆண்டுக்கு ஒரு முறையாவது டெட் நடத்த வேண்டும் என்பது குழுமத்தின் வழிகாட்டுதல். இங்கே 2013க்குப் பிறகு 2017, அதற்கடுத்து 2019, அப்புறம் 2022 அறிவிப்பு, பிறகு 2025 என்று தேர்வு விட்டுவிட்டு வந்தது. 2012 ஜூலையில் நடந்த முதல் தேர்வில் லட்சக்கணக்கானோர் எழுதித் தேறியவர்கள் 2,448 பேர்தான். அத்தகைய தேர்வை, சிறு பிள்ளைகளுக்கு அ, ஆ சொல்லிக்கொடுத்தே இருபத்தைந்து ஆண்டு கழித்த ஒருவரிடம், ஒழுங்காக வாய்ப்பும் பயிற்சியும் தராமல், வேலையைப் பணயமாக வைத்துக் கேட்பது அநியாயம்.

பதவி உயர்வு உரிமையல்ல, ஆனால் அதற்குப் பரிசீலிக்கப்படுவது அரசமைப்பின் 16ஆம் பிரிவு தரும் அடிப்படை உரிமை என்று 1999இல் அஜீத் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. விதி தெளிவாக இல்லாவிட்டால் அந்த உரிமைக்கு ஒவ்வொரு முறையும் வழக்குத்தான் வழி. அது நடக்கும் ஆண்டுகளில் தலைமை ஆசிரியர் இல்லாத பள்ளியில், இருக்கும் ஆசிரியர் ஒருவரே பொறுப்பையும் சுமக்கிறார், வகுப்பு காத்திருக்கிறது.

அரசு செய்ய வேண்டியது இதுதான்: தொடக்கக் கல்விப் பணி விதிகளில் டெட் பற்றி ஐயமின்றி எழுதுங்கள். ஆண்டுதோறும் தேர்வு நடத்துங்கள். மாநிலப் பட்டியல் இருக்கட்டும், ஆனால் நியமனத்தைச் சொந்த மாவட்டத்துக்குள் தர வழி செய்யுங்கள்.