வெந்நீர் அடுப்பு

மார்கழித் திங்களிற் கரிவலம்வந்தநல்லூரில் வைகறைத் துயிலெழுவார் முதற்கண் தேடுவது வெந்நீரையே. எம் ஆச்சியின் அடுக்களையில் அது கொடியடுப்பிற் காய்ந்தது. தாயடுப்பின் தீக்கொழுந்து ஒரு துளைவழியே அயலிலுள்ள கொடியடுப்பிற் புகும். சோறு வேகுங்கால் தவலை நீரும் உடன் காயும். அதற்கெனத் தனி விறகில்லை. இவ்வமைப்பை முதலிற் கண்ட பெண்மகள் யாவளோ, அறியேம்.

எனினும், வெப்பத்திற் பெரும்பகுதி வீணே கழிகின்றது. 20 லிட்டர் நீரை 25 பாகை செல்சியஸிலிருந்து 45 பாகைக்கு உயர்த்த, கணக்கின்படி உலர்ந்த விறகு ஏறத்தாழ 110 கிராம் போதும். திறந்த அடுப்போ அதனிற் பத்து மடங்கு விழுங்கவும் கூடும். எஞ்சிய வெப்பம் புகையோடு கூரையேறும்; அப்புகையில் ஒரு பங்கு ஆச்சியின் கண்ணிலும் நெஞ்சிலும் தங்கிற்று. புகைபோக்கி வைத்த அடுப்பொன்றை அமைத்து அடுக்களையைப் புகையினின்று மீட்க முயன்றவர் ஹைதராபாத்துப் பொறியியலறிஞர் எஸ். பி. ராஜு. அவரது நூலைச் சென்னைக் கிறிஸ்தவ இலக்கியச் சங்கம் 1953இல் வெளியிட்டது.

நீர் காய்ச்சுதற்குச் செப்புப் பாய்லரே சிறந்தது. நடுவே ஒரு குழல். அதனடியிற் கம்பித்தட்டின்மேல் நெருப்பு. குழலைச் சூழ நீர். தீயின் நாற்புறமும் நீரேயாதலின் வெப்பம் எளிதில் தப்பாது. புனலில் வார்த்த தண்ணீர் அடிக்குச் செல்ல, காய்ந்து இலேசான நீர் மேலெழுந்து மூக்குவழியே வெளிப்படும். ஒரு செம்பு வார்த்தார்க்கு ஒரு செம்பு வெந்நீர்.

குளிர்நாட்டார் இவ்வியல்பையே வீடெங்கும் விரித்தனர். விறகடுப்பின் பின்னுள்ள நீர்ப்பெட்டியினின்று குழாய்கள் அறைதோறும் ஓடும். ஆங்குள்ள ரேடியேட்டர்கள் அறையைச் சூடாக்கும். ஆறிய நீர் கனத்து அடுப்பிற்கே மீளும். குழாய்கள் அகன்றும் சரிவாயும் அமையின் பம்பும் வேண்டா. நமக்கோ அறையைச் சூடாக்கச் சித்திரை வெயிலே மிகை!

ஆயினும் ஓர் எச்சரிக்கை இருசாரார்க்கும் பொது. நீர் ஆவியாயின் ஏறத்தாழ 1,700 மடங்கு விரியும். அதற்கு வழி வேண்டும். சூடு போகாதிருக்கட்டுமென்று உறவினரொருவர் பாய்லரின் மூக்கிலே துணியை அடைத்தார். சிறிது பொழுதிற் கொதிநீர் புனல்வழியே பீறிட்டது. அருகில் நின்ற எளியேன் காலில் அவ்வடு இன்றும் உளது. நல்லவேளை, அவர் புனலையும் அடைத்திலர்.

இப்பொழுது ஆச்சி சமைப்பது எரிவாயுவில். பாய்லர் கிணற்றடிக்குப் பெயர்ந்துவிட்டது. தென்னைமட்டையும் சிரட்டையும் அதற்கு இரை.