கிர்க் டக்ளஸ்

கிர்க் டக்ளஸ் (டிசம்பர் 9, 1916 – பெப்ரவரி 5, 2020) அமெரிக்கத் திரைப்பட நடிகரும் தயாரிப்பாளரும் ஆவார். இவரது இயற்பெயர் இசூர் டேனியலோவிச். நியூயார்க் மாநிலத்தின் ஆம்ஸ்டர்டாம் நகரில் ஏழை யூதக் குடும்பத்தில் பிறந்தார். சாம்பியன் (1949) திரைப்படத்தில் குத்துச்சண்டை வீரராக நடித்துப் புகழ்பெற்றார்.

1949 இல் தம் தாயாரின் பெயரால் பிரைனா என்னும் தயாரிப்பு நிறுவனத்தைத் தொடங்கினார். இந்நிறுவனத்தின் ஸ்பார்ட்டகஸ் (1960) உரோமானிய அடிமைகளின் கிளர்ச்சியைச் சித்தரிக்கிறது. இதன் திரைக்கதையாசிரியர் டால்டன் டிரம்போ, பொதுவுடைமைக் கட்சித் தொடர்பு குறித்து அமெரிக்கக் காங்கிரசுக் குழு 1947 இல் எழுப்பிய வினாக்களுக்கு விடையளிக்க மறுத்துச் சிறை சென்றவர். திரையுலகின் தடைப்பட்டியலில் இடம்பெற்றதால் பல ஆண்டுகள் புனைபெயர்களிலும் பிறர் பெயர்களிலும் எழுதி வந்தார். டக்ளஸ் அவரது உண்மைப் பெயரையே திரையில் வெளியிட்டார். அப்பட்டியல் வலுவிழக்க இதுவும் ஒரு காரணமாயிற்று.

மூன்று முறை அகாதமி விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டும் அதனைப் பெறாத டக்ளசுக்கு 1996 இல் கௌரவ அகாதமி விருது வழங்கப்பட்டது.