வேலை கேட்டது ஆளில்லாத பெயர்கள்!

பொருளாதார ஆராய்ச்சி என்றாலே கொட்டாவி விடுபவரா நீங்கள்? கொஞ்சம் கிட்டே வாங்க. 2001, 2002-ல் பாஸ்டனிலும் சிகாகோவிலும் நடந்தது அசல் ஆள்மாறாட்டம்!

சூத்திரதாரிகள் இரண்டு பொருளாதார ஆய்வாளர்கள்: மரியான் பெர்ட்ரண்ட், இந்தியக் கிராமம் ஒன்றில் பிறந்த செந்தில் முல்லைநாதன். முதலில் பயோடேட்டா வேட்டை. நிஜமாகவே வேலை தேடுபவர்கள் இணையத்தில் போட்டிருந்ததை எடுத்து, அடையாளம் தெரியாதபடி மாற்றினார்கள். சிகாகோ பயோடேட்டா பாஸ்டனுக்கு, பாஸ்டனுடையது சிகாகோவுக்கு. உள்ளூரில் அனுப்பி யாராவது கண்டுபிடித்துவிட்டால்?

அடுத்து, பெயர் சூட்டு விழா! மாசசூசெட்ஸ் மாநிலத்தின் 1974–79 பிறப்புப் பதிவுகளைப் புரட்டி, வெள்ளையர் வைக்கும் பெயர்களையும் கறுப்பினத்தவர் வைக்கும் பெயர்களையும் பொறுக்கினார்கள். அதோடு விட்டார்களா? போகிறவர் வருகிறவரிடம் காட்டி, ‘இந்தப் பெயரைக் கேட்டால் யார் என்று தோன்றுகிறது?’ என்று ஒரு பரீட்சை. மாரிஸும் ஜெரோமும் அதில் ஃபெயில். வெள்ளையராக எமிலி, கிரெக், கறுப்பினத்தவராக லக்கீஷா, ஜமால் எல்லோரும் பாஸ்!

தொலைபேசி ஏற்பாடுதான் உச்சம். இனத்துக்கும் பாலினத்துக்கும் தக்க குரலில் பதிவுசெய்த வாய்ஸ் மெயில். ஒரு ஊரில் ஒரே தரமான பயோடேட்டாவோடு போன லக்கீஷாக்கள், ஆயிஷாக்கள் அத்தனை பேருக்கும் ஒரே எண்!

‘பாஸ்டன் குளோப்’, ‘சிகாகோ டிரிப்யூன்’ இதழ்களில் வந்த 1,300-க்கும் மேற்பட்ட விளம்பரங்களுக்குச் சுமார் 5,000 விண்ணப்பங்கள் பறந்தன. எந்த பயோடேட்டாவுக்கு எந்தப் பெயர் என்பது குலுக்கல் முறையில் முடிவானது. ஆக, பதிலில் வித்தியாசம் வந்தால் அது பெயரின் வேலைதான்.

வந்தது! 2004-ல் வெளியான முடிவு: வெள்ளையர் பெயர் என்றால் 10 விண்ணப்பத்துக்கு ஒரு அழைப்பு, கறுப்பினப் பெயருக்கு 15 அனுப்பவேண்டும். வெள்ளையர் பெயருக்கு இருந்த மவுசு, கூடுதலாக 8 வருட அனுபவத்துக்குச் சமம்!

நம் ஊர் மட்டும் என்ன வாழ்ந்தது? சுக்தேவ் தோரட், பால் அட்டவெல் என்ற ஆய்வாளர்கள் இருவரும் இந்தியத் தனியார் நிறுவனங்களுக்கு இதே பாணியில் விண்ணப்பம் போட்டார்கள். தலித், முஸ்லிம் பெயர்களுக்கு அழைப்பு குறைந்தது. 2007-ல் அச்சேறிய கதை இது.

பாஸ்டன்–சிகாகோ கோப்பில் இன்னொரு குட்டி வெடியும் உண்டு. சில பயோடேட்டாக்களில் கணினிப் பயிற்சி, சான்றிதழ் என்று கூடுதல் திறமைகளைச் சேர்த்திருந்தார்கள். வெள்ளையர் பெயர்களுக்கு அழைப்பு கிட்டத்தட்ட 30 சதவீதம் கூடியது. கறுப்பினப் பெயர்களுக்கு அதில் பாதிகூடத் தேறவில்லை. ‘திறமையை வளர்த்துக்கோ தம்பி, வேலை தானா வரும்’ என்பவர்கள், தம்பியின் பெயரைக் கேட்டுக்கொண்டு ஆரம்பிப்பது உத்தமம்!