எந்தத் தொடை, ஸார்?

மாமியார் தகராறுக்கு ஒரு நம்பர் இருக்கிறது, தெரியுமோ? இஸட் 63.1. மாமனார், மாமியார் வகையறாவோடு ஒத்துப்போகவில்லை என்று அர்த்தம். மாடு முட்டினால் டபிள்யூ 55.22. வாத்து வந்து மோதினால் டபிள்யூ 61.62!

கதை விடவில்லை ஸார். 2015 அக்டோபர் 1 முதல் அமெரிக்க ஆஸ்பத்திரிகளில் நடப்பில் இருக்கும் ஐ.சி.டி.-10-சி.எம். என்ற வியாதிப் பட்டியலில் இதெல்லாம் உண்டு. மொத்தம் எழுபதாயிரத்துக்கும் மேல் நம்பர்கள். இதன் மூதாதையர் பட்டியலை 1893-ல் போட்டவர் ழாக் பெர்டியோன் என்ற பிரெஞ்சுக்காரர். அவர் சாவுக்கான காரணங்களைத்தான் வரிசைப்படுத்தினார். 1948-ல் பொறுப்பு உலக சுகாதார நிறுவனத்துக்கு வந்தபோது வியாதிகளும் சேர்ந்துகொண்டன.

அங்கே நம்பர் இல்லாமல் இன்ஷூரன்ஸ் பணம் பெயராது. டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்து நம்பராக மாற்ற ஓர் ஆள் வேண்டும். அந்த ஆள் பல சமயம் சென்னையிலோ கோவையிலோ திருச்சியிலோ உட்கார்ந்திருப்பார். பெயர், மெடிக்கல் கோடர்.

என் சித்தி பையன் அப்படி ஒருவன். பேஷண்ட் விவரத்தை மட்டும் மூச்சு விடமாட்டான். தொழில் தர்மம். "அப்படி என்னதான்டா வேலை?" என்று குடைந்ததில், பாடப் புத்தகத்திலிருந்து ஓர் உதாரணம் எடுத்துவிட்டான்.

"எம் 67.959. எழுதிக்குங்கண்ணா."

எம் என்றால் எலும்பு, தசை, மூட்டு அத்தியாயம். 67 என்பது தசைநாணிலும் மூட்டு உட்சவ்விலும் வரும் இதரக் கோளாறுகள். தசையை எலும்போடு இழுத்துக் கட்டும் கயிறுதான் தசைநாண். மூட்டுக்குள் உள்பூச்சு போல இருந்து எண்ணெய் விடுவது உட்சவ்வு. புள்ளிக்கு அடுத்த 9, என்ன கோளாறு என்று குறிப்பிடவில்லை. 5, தொடை. கடைசி 9, எந்தத் தொடை என்று குறிப்பிடவில்லை.

"என்ன வியாதின்னும் தெரியாது, எந்தப் பக்கம்னும் தெரியாது. இதுக்கு எதுக்குடா ஆறு எழுத்து?"

"வலதுன்னா கடைசியில 1, இடதுன்னா 2. டாக்டர் எழுதாம விட்டா 9."

"இருக்கறதே ரெண்டு கால். இங்கி பிங்கி பாங்கி போட்டு ஒண்ணை வெச்சுட வேண்டியதுதானே?"

அவன் சிரிக்கவில்லை. "நான் வலதுன்னு வெச்சுட்டேன்னு வைங்க. அடுத்த மாசம் அவர் இடது தொடைக்கு ஸ்கேன் எடுக்கப் போவார். பழைய பில்லுல வலதுன்னு இருக்கேன்னு இன்ஷூரன்ஸ்ல கேள்வி வரும். வலியும் அவருக்கு, அலைச்சலும் அவருக்கு."

நான் பி.காம். எனக்குச் சட்டென்று புரிந்தது. டிரயல் பேலன்ஸ் இடித்தால் வித்தியாசத்தை சஸ்பென்ஸ் அக்கவுண்ட்டில் போட்டு வைப்போம். ஆடிட்டர் முகம் சுளிப்பார். ஆனால், அதையே ஸ்டேஷனரி செலவு என்று எழுதி மறைத்தால் அதற்குப் பெயர் பொய்க் கணக்கு. 9 என்பது வியாதிகளின் சஸ்பென்ஸ் அக்கவுண்ட்!

ஆனால், இந்த இரண்டு 9-ம் ஒரே ஜாதி இல்லை.

முதல் 9 கௌரவமானது. வந்த அன்றைக்கே டாக்டருக்கு எல்லாம் விளங்கிவிடுமா? ஆதாரம் இல்லாமல் பெரிய வியாதியின் நம்பரைப் போடுவது தவறு, நம்பருக்காகவே தேவையில்லாத டெஸ்ட் எடுப்பதும் தவறு என்று அமெரிக்க விதிமுறையே சொல்கிறது. வெளிநோயாளிக் குறிப்பில் டாக்டர் 'இருக்கலாம்' என்று இழுத்தால் அதைக்கூட வியாதியாகக் கணக்கில் எடுக்கக்கூடாது. வெறும் வலது தொடை வலி என்றால் எம் 79.651, அவ்வளவுதான்.

இரண்டாவது 9 வேறு. மனிதர் காலோடுதான் வந்தார். யாரோ அதைத் தொட்டுப் பார்த்தார்கள். ஒரு வார்த்தை எழுதவில்லை! அதனால்தான் பக்கம் தெரியாத நம்பரை அபூர்வமாகவே போட வேண்டும் என்கிறது விதி. டாக்டர் விட்டுவிட்டால் நர்ஸ் போன்றவர்களின் குறிப்பிலிருந்து பக்கத்தை எடுத்துக்கொள்ளவும் 2021 அக்டோபரிலிருந்து அனுமதி உண்டு. அங்கேயும் இல்லையா? டாக்டரையே எழுதிக் கேட்க வேண்டும். அதிலும் "வலதுதானே டாக்டர்?" என்று வாயில் ஊட்டக்கூடாது. "எந்தப் பக்கம்?" என்றுதான் கேட்கலாம்.

கேட்டுவிட்டால் அந்த ஃபைல் தொங்கலில் நிற்கும். இங்கே மணிக்கு இத்தனை ஃபைல் என்று டார்கெட். பக்கத்து சீட்டுக்காரன் நாலு ஃபைல் முன்னால் போயிருப்பான். 1 என்று ஒரு தட்டுத் தட்டினால் தீர்ந்தது. ஆடிட்டில் எல்லா ஃபைலையும் பார்ப்பதில்லை, மாட்டாமலே போகலாம்.

"அப்போ என்னடா பண்ணுவே?"

"கேட்டு எழுதிட்டு அடுத்த ஃபைலைத் திறப்பேண்ணா. அன்னிக்கு டார்கெட் போச்சுன்னா போச்சு."

இருபத்து நாலு வயசுப் பையன். முகம் தெரியாத ஒருவரின் தொடைக்காக மாசக் கடைசி இன்சென்டிவ்வில் கைவைத்துக்கொள்கிறான்.

இதெல்லாம் அமெரிக்கா சமாசாரம் என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். நம்மூர் மெடிக்ளெயிம் பாரத்தில் ஆஸ்பத்திரி நிரப்பும் பகுதியிலும் ஐ.சி.டி. 10 நம்பருக்குக் கட்டம் இருக்கிறது. அடுத்த தடவை டிஸ்சார்ஜ் பேப்பர் வாங்கினால் வலது, இடது எழுதியிருக்கிறதா, அது உங்கள் கால்தானா என்று கவுன்ட்டரிலேயே நின்று படித்துவிடுங்கள். இல்லையென்றால் கேட்டு எழுதி வாங்குங்கள்.

கொஞ்சம் முறைப்பார்கள். முறைப்புக்கு ஏதாவது நம்பர் உண்டா என்று தம்பியிடம் விசாரித்துச் சொல்கிறேன்!